இடது கை ஓவியரைத் திருப்பிப் போட்ட கதை

ஹைதராபாத் மெட்டுகுடாவுல எங்க பக்கத்து வீட்டம்மா, நான் ரிட்டயர் ஆகற வரைக்கும் என்னைப் பார்த்தா ஒரே கேள்விதான் கேட்பாங்க. "உங்க ஆபீஸ்ல பத்தாம் கிளாஸ் கைடு கிடைக்குமா?" புத்தகக் கம்பெனின்னா ஊருக்கு அவ்வளவுதான் புரியும். நாங்க போடறது சரித்திரம், ஓவியம், இலக்கியம், பறவை, பாம்பு, பாசி பத்தின ஆராய்ச்சிப் புத்தகம்னு பொறுமையா சொல்லிப் பார்த்தேன். "பாசியா? அதை யாரு படிப்பாங்க?"ன்னாங்க. நியாயமான கேள்வி. அதைப் போடற நாங்களே படிக்கறதில்லைன்னு அவங்ககிட்ட எந்த வாயால சொல்ல?

சிரிக்காதீங்க, உங்களையும் சேர்த்துத்தான் சொல்றேன். ஹெச்.ஆர். பொண்ணு போன் பண்ணி, "மேடம், புதுசா சேர்ந்தவங்களுக்கு உங்க அனுபவத்துலேருந்து ஏதாவது சொல்லுங்க, கொஞ்சம் மோட்டிவேஷனலா இருக்கட்டும்"னா. எனக்கு மோட்டிவேஷன் எல்லாம் வராது, வயித்தெரிச்சல்தான் வரும். வந்தது வந்துட்டீங்க, அதைக் கேட்டுட்டுப் போங்க. உங்கள்ல பாதிப் பேர் ஐ.டி. வேலைக்குன்னு தமிழ்நாட்டுலேருந்து ரயிலேறி, எங்கேயோ திரும்பற இடத்துல வழி தவறி எங்ககிட்ட வந்து மாட்டினவங்கன்னும் எனக்குத் தெரியும். பரவாயில்ல, நான் கூட அப்படி மாட்டினவதான்.

நம்ம வேலை நடக்கற விதம் இதுக்குள்ள உங்களுக்குப் புரிஞ்சிருக்கும். புத்தகம் என்னமோ ஒண்ணுதான், ஆனா அதைக் கூறு போட்டுத்தான் வேலை. எழுத்து ஒரு பக்கம் போகும், படம் ஒரு பக்கம் போகும். எழுத்தைத் திருத்தறவர் படத்தைப் பார்க்க மாட்டார். படத்தை அடுக்கறவர் எழுத்தைத் தொட மாட்டார். பின்னட்டையில நாலு வரி புகழ்ந்து எழுதறவர் முன்னுரையோட முதல் பாராவைத் தாண்ட மாட்டார். கல்யாணத்தன்னிக்கு மண்டபத்துலதான் பொண்ணும் மாப்பிள்ளையும் முகத்தைப் பார்த்துக்கற மாதிரி, எழுத்தும் படமும் முதல் தடவையா சேர்ந்து நிக்கறது அச்சகத்துலதான். அங்க போய் அச்சான தாளைப் பார்த்து, சரின்னு கையெழுத்துப் போடறதுதான் கடைசி வருஷங்கள்ல என் வேலை. அந்தக் கையெழுத்து இல்லாம பைண்டிங் போகாது. மத்தபடி என்னை யாரும் எதுக்கும் கேட்க மாட்டாங்க.

இனி ஷாகிரா கதைக்கு வரேன். வாணியம்பாடிக்காரி. வீட்டுல உருது, தெருவுல தமிழ். இங்க ஒரு அரசுக் கல்லூரியில சரித்திரம் சொல்லிக் கொடுக்கறா. தக்காணத்து சுல்தான்கள் காலத்து ஓவியங்கள் கொஞ்சம் இருக்கு, யார் வரைஞ்சதுன்னு பேரே கிடையாது. இளவரசன், குதிரை, கையில பருந்து வச்சிருக்கற வேட்டைக்காரன்னு ஒவ்வொண்ணும் ஒவ்வொரு மியூசியத்துல கிடக்கு. இதையெல்லாம் வரைஞ்சது ரெண்டு பேர், ஒருத்தர் குரு, இன்னொருத்தர் சீடர்னு இந்த ஊர்ப் பேராசிரியர் ஒருத்தர் எப்பவோ எழுதி வச்சுட்டார். அதுக்கப்புறம் வந்தவங்க எல்லாரும் அதையே பார்த்து எழுதிக்கிட்டிருந்தாங்க. பெரிய மனுஷர் சொல்லிட்டா அப்புறம் எதுக்குப் போய்ப் படத்தைப் பார்க்கணும்?

ஷாகிரா போய்ப் பார்த்தா. பார்த்துட்டு, ரெண்டு பேர் இல்ல, எல்லாம் ஒரே ஆள் வரைஞ்சது, அந்த ஆளும் இடது கைக்காரர்னா. எப்படின்னு கேட்டா, துணி மடிப்புலயும் குதிரை வயித்துலயும் நிழல் காட்டறதுக்குப் பொடிப் பொடியா கோடு இழுத்திருப்பாங்க. வலது கைக்காரர் இழுத்தா அந்தக் கோடு மேல வலப் பக்கத்துலேருந்து கீழ இடப் பக்கமா சாயும். இடது கைக்காரர் இழுத்தா நேர் எதிரா சாயும். வீட்டுக்குப் போய்ப் பென்சில் எடுத்து இழுத்துப் பாருங்க. அந்த ஓவியங்கள் அத்தனையிலும் கோடு இடது கைச் சாய்வு. லீவு கிடைச்சப்போ எல்லாம் ஊர் ஊரா போய், காவலாளிகிட்ட எல்லாம் திட்டு வாங்கிக்கிட்டு, லென்ஸ் வச்சுப் பார்த்து அவ கண்டுபிடிச்ச விஷயம் இது.

இதை ஒரு கருத்தரங்குல சொல்லியிருக்கா. பேராசிரியர் மைக்கை வாங்கி, "கைரேகை பார்க்கறவங்க எல்லாம் கலை வரலாற்றுக்கு வந்துட்டாங்க போல"ன்னாராம். ஹாலே சிரிச்சுதாம். அன்னையிலேருந்து அவளுக்கு 'கைரேகை மேடம்'னே பேராயிடுச்சு. காலேஜ் ஸ்டாஃப் ரூம்ல கையை நீட்டி, "மேடம், எனக்கு எப்ப புரமோஷன்?"னு கேட்பாங்களாம். முதல் தடவை என்கிட்ட இதைச் சொன்னப்போ அவளும் சிரிச்சுக்கிட்டேதான் சொன்னா, ஆனா கண்ணு சிரிக்கல. அந்தப் பேரைத் துடைச்சுப் போட அவகிட்ட இருந்தது, நம்மகிட்ட போடக் கொடுத்த இந்த ஒரே புத்தகம். அதுல படம்தான் சாட்சி. படம் இல்லைன்னா அவ சொல்றதெல்லாம் வெறும் வாய்ப் பேச்சு.

அந்தச் சாட்சியைத்தான் நம்ம டிசைன் டிபார்ட்மெண்ட் கையில கொடுத்தோம்.

அங்க ஒரு விதி உண்டு. பக்கத்துல ஒரு முகம் இருந்தா அது புத்தகத்துக்கு உள்ளே பார்க்கணும். வெளியே பார்த்தா, படிக்கறவங்க கண்ணும் அது கூடவே வெளியே ஓடிப் போயிடுமாம். புத்தகத்தை அவ்வளவு சுலபமா விட்டுட்டு ஓடறவன் முகத்தைப் பார்த்தா உட்காருவான்? சரி, விதின்னா விதி. வெளியே பார்க்கற படத்தை எதிர்ப் பக்கத்துக்கு மாத்தி வைக்கலாம். அதுக்கு மொத்தப் பக்கத்தையும் திரும்ப அடுக்கணும், மெனக்கெடணும். கம்ப்யூட்டர்ல ஒரு தட்டுத் தட்டினா படமே கண்ணாடியில தெரியற மாதிரி இடம் வலமா திரும்பிக்கும். இது சுலபம். டிசைன் ஹெட் நவீன் வேலையில கெட்டிக்காரன். வெளியே பார்த்துக்கிட்டிருந்த இளவரசன், குதிரை, பருந்து எல்லாத்தையும் ஒரே மூச்சுல உள்ளே பார்க்க வச்சுட்டான்.

என்ன ஆச்சுன்னு புரியுதா? பாதிப் படத்துல கோடு இடது கைச் சாய்வு, பாதியில வலது கைச் சாய்வு. ஆக, ரெண்டு ஓவியர்! பேராசிரியர் ஆயுசு பூரா சொல்லிக்கிட்டிருந்ததை, ஷாகிராவோட புத்தகமே வழுவழு தாள்ல, கலர்ல நிரூபிச்சுக் கொடுக்குது. அவளோட ஜென்ம விரோதி கூட இவ்வளவு சிரத்தையா பண்ணியிருக்க மாட்டான்.

ஆசிரியர் ப்ரூஃப்ல பார்த்திருப்பாங்களேன்னு கேட்பீங்க. அவளுக்குப் போன ப்ரூஃப்ல படம் இருக்க வேண்டிய இடத்துல எல்லாம் சாம்பல் கலர்ல ஒரு கட்டம். 'படம் இங்கே வரும்'. படத்தோட அனுப்பினா ஆசிரியருங்க ஏதாவது திருத்தம் சொல்லிடுவாங்களாம், வேலை தாமதமாகுமாம். இப்படி ஒரு வழக்கத்தை யார் கொண்டு வந்தாங்கன்னு விசாரிச்சேன். யாருக்கும் தெரியல, ஆனா எல்லாரும் பயபக்தியோட பின்பத்தறாங்க.

அச்சகம் சனத்நகர்ல. எழுத்து எல்லாம் முதல்லயே அச்சாகிக் கட்டுக் கட்டா காத்துக்கிட்டிருக்கு, படத் தாள் கடைசியா வருது. சூப்பர்வைசர் ஒரு தாளை எடுத்து மேஜையில விரிச்சு, "கலர் பராபர் ஹை நா மேடம்?"னார். கலர் பிரமாதம். குதிரை அப்படியே தாளை விட்டு இறங்கி வரும் போல இருந்தது. அந்தக் குதிரைக்குப் பக்கத்துல மரத்தடியில பொடி எழுத்துல ஒரு வரி, பாரசீகத்துல. நான் ஸ்கூல்ல ரெண்டாவது பாஷை உருது எடுத்தவ. மொழிப் பற்றுன்னு நினைச்சுடாதீங்க, ஹிந்தி டீச்சருக்குப் பயந்து எடுத்தேன். எழுத்து ஒண்ணுங்கறதால தட்டுத் தடுமாறிக் கூட்டிப் படிப்பேன். இதை என்ன முயற்சி பண்ணியும் முதல் எழுத்தே பிடிபடல. வயசாச்சு, எல்லாம் மறந்து போச்சு போலன்னு நினைச்சுக்கிட்டே தாளைத் தூக்கி ஜன்னல் வெளிச்சத்துல காட்டினேன். பின்பக்கத்துலேருந்து பார்த்தா எழுத்து ஜம்முனு நேரா நிக்குது!

ஷாகிரா புத்தகத்தை அந்தக் கம்பெனியில முழுசா படிச்ச ஒரே ஆள் நான்தான். எழுத்தைத் திருத்தினவங்க கூட அத்தியாயத்துக்கு ஒருத்தரா பிரிச்சுக்கிட்டாங்க. அதனால அந்தத் தாள் திரும்பியிருந்தா என்ன அர்த்தம்னு அங்க நின்னவங்கள்ல எனக்கு மட்டும்தான் தெரியும். மத்த தாளையும் எடுத்துக் கோட்டுச் சாய்வைப் பார்த்தேன். பாதி இப்படி, பாதி அப்படி.

நவீனுக்குப் போன் போட்டேன். "ஹவ் மேடம், ஆமா, ஃப்ளிப் பண்ணேன்"னான், கொஞ்சம் கூடக் கூச்சமில்லாம. "முகம் வெளிய பார்த்துச்சு. இப்ப லுக் எப்படி இருக்கு?"

"நவீன், எழுத்துக் கூடத் திரும்பியிருக்கே, அது கண்ணுல படலையா?"

"அது எழுத்தா? டிசைன்னு நினைச்சேன் மேடம்."

கேட்டுக்கோங்க. ஹைதராபாத்ல பிறந்து வளர்ந்தவன். தினமும் நூறு கடைப் பலகையில அதே எழுத்தைப் பார்த்துக்கிட்டு பைக்ல வர்றவன். அவனைத் திட்டக் கூட எனக்கு மனசு வரல. அவன்கிட்ட யாரும் இந்தப் புத்தகம் எதைப் பத்தினதுன்னு சொல்லவே இல்ல. அளவும் பக்கக் கணக்கும்தான் சொன்னாங்க.

அடுத்து எம்.டி.க்குப் போட்டேன். அவர் இப்ப பிஸ்கட் கம்பெனிக்குப் போயிட்டார், அதனால தைரியமா சொல்றேன். கோயம்புத்தூர்க்காரர், சோப்பு கம்பெனியிலேருந்து வந்தவர். ரொம்ப மரியாதையானவர். மரியாதை குறையாமயே கழுத்தை அறுப்பார்.

"ஏனுங்க மேடம், இதையெல்லாம் யாருங்க உத்துப் பார்க்கப் போறாங்க?"

"இதை உத்துப் பார்க்கணும்னு சொல்றதுதான் சார் புத்தகமே."

"அப்படீன்னா ஒண்ணு பண்ணலாமுங்க. ஒவ்வொரு புத்தகத்தோடவும் சின்னதா ஒரு கண்ணாடி ஃப்ரீயா குடுத்துடலாம். 'இந்தப் படங்களைக் கண்ணாடியில் பார்க்கவும்'னு ஒரு சீட்டு. படிக்கறவங்களுக்கும் ஜாலியா இருக்குமுங்க."

கிண்டல் பண்றாரோன்னு நினைச்சேன். இல்ல, நிஜமாவே சொல்றார். சோப்போட டப்பா ஃப்ரீயா குடுத்த கை. எனக்கு வந்த கோபத்துல போனைத் தூக்கி மெஷினுக்குள்ள போட்டிருப்பேன். வெளியீட்டு விழா அந்த வாரக் கடைசியில. ஹால் பிடிச்சாச்சு, அழைப்பிதழ் போயாச்சு. தலைமை விருந்தினர் யார் தெரியுமா? அதே பேராசிரியர். எல்லா லைப்ரரி கமிட்டியிலும் அவர் உட்கார்ந்திருக்கார், புத்தகம் வாங்கச் சொல்லுவார்னு மார்க்கெட்டிங் மூளை. ஆசிரியரோட எதிராளியைக் கூப்பிட்டு மாலை போட்டு மைக்கைக் கையில கொடுக்கறதுக்கு நம்ம கம்பெனியை விட்டா ஆள் கிடையாது.

"படத் தாளை மறுபடி அடிக்காம நான் கையெழுத்துப் போட மாட்டேன் சார்."

"புரிஞ்சுக்கோங்க மேடம், விழா இருக்குதுங்க."

"கண்ணாடி வாங்கற செலவுல அடிச்சுடலாம் சார்."

சொல்லிட்டேனே ஒழிய, பயம் இல்லாம இல்ல. ரிட்டயர் ஆகறதுக்குக் கொஞ்ச காலம்தான் பாக்கி. இந்த நேரத்துல எதுக்கு வம்புன்னு ஒரு மனசு சொல்லிச்சு. ஆனா ஸ்டாஃப் ரூம்ல கையை நீட்டிக்கிட்டு நிக்கறவங்க ஞாபகம் வந்துச்சு. அச்சகத்துலயே ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்துட்டேன். கடைசியில அவர்தான் இறங்கி வந்தார். நவீன் முனகிக்கிட்டே எல்லா முகத்தையும் பழையபடி திருப்பினான். புதுத் தாள் அச்சாச்சு, பழைய தாள் பழைய பேப்பருக்குப் போச்சு.

அப்பாடான்னு வீட்டுக்குப் போய்த் தூங்கினேன். விழாவுக்கு முந்தின நாள் மார்க்கெட்டிங் பொண்ணு கேன்டீன்ல பஜ்ஜி சாப்பிட்டுக்கிட்டே சொல்றா: "மேடம், சீஃப் கெஸ்ட்டுக்கு ரொம்ப முன்னாடியே பிடிஎஃப் அனுப்பிட்டோமே. சூப்பரா இருக்குன்னு போன் பண்ணினார். ஸ்லைடு எல்லாம் ரெடி பண்றாராம்."

எந்த பிடிஎஃப்? பழசு. முகமெல்லாம் உள்ளே பார்க்கற பிடிஎஃப். அவர் ஏன் சந்தோஷப்பட மாட்டார்? அவர் கட்சிக்கு ஷாகிரா கையாலயே தீர்ப்பு எழுதிக் கொடுத்த மாதிரி இருந்திருக்கும்.

நம்ம கம்பெனியில இன்னொரு வழக்கம், கெட்ட செய்தியை விழா முடியற வரைக்கும் ஆசிரியருக்குச் சொல்லக் கூடாது. நான் சொன்னேன். போன் போட்டு, ஆரம்பத்துலேருந்து, பூசி மெழுகாம.

"அக்கா, என் புத்தகத்தை நீங்க எல்லாம் சேர்ந்து அவருக்கு எழுதிக் கொடுத்துட்டீங்களா?"

இத்தனை வருஷ சர்வீஸ்ல நான் வாங்கின அடியிலேயே பெரிய அடி அதுதான். அவ அழுதா. விழாவை நிறுத்தணும்னு கேட்பான்னு எதிர்பார்த்தேன். இல்லைன்னா அவர் மூக்கு உடையட்டும், சொல்லாம விடுங்கன்னு சொல்லுவான்னு நினைச்சேன். எனக்கும் உள்ளுக்குள்ள அந்த ஆசைதான், மறைப்பானேன்.

அவ மூக்கைச் சிந்திட்டுச் சொன்னா: "அவருக்குச் சொல்லிடுங்க அக்கா. சரியான படத்தையும் இப்பவே அனுப்புங்க. நாளைக்கு அவர் தப்பாப் பேசினா அது அவரோட தப்பா இருக்கணும். உங்க தப்பை வச்சு நான் ஜெயிக்க வேண்டாம்."

எம்.டி.கிட்ட கேட்டா, "வேண்டாமுங்க, கம்பெனி மானம் போயிருமுங்க"ன்னார். கம்பெனி மானம் பழைய பேப்பர்க்காரன் வண்டியில ஏறி எப்பவோ போயிடுச்சு. நான் சரியான பிடிஎஃபைப் பேராசிரியருக்கு அனுப்பிட்டு, போனும் போட்டேன்.

அவர் இங்கிலீஷ்லதான் பேசுவார், நான் தமிழ்ல சொல்றேன். "அம்மா, அந்தப் புத்தகத்தை வரி வரியா படிச்சு முடிச்சாச்சு. உரை தயார். கடைசி நேரத்துல அட்டை மாத்தினோம், படம் மாத்தினோம்னு என்னைத் தொந்தரவு பண்ணாதீங்க."

"சார், உங்களுக்கு வந்ததுல படமெல்லாம் இடம் வலமா திரும்பியிருக்கு. புதுசா அனுப்பியிருக்கறதை ஒரு தடவை..."

"அந்தப் படமெல்லாம் எனக்கு மனப்பாடம். நீங்க பிறக்கறதுக்கு முன்னாடியிலேருந்து பார்க்கறேன்." எனக்கும் அவருக்கும் ரெண்டு வயசுதான் வித்தியாசம். போனை வச்சுட்டார்.

சொல்ல வேண்டியதைச் சொல்லியாச்சு, இதுக்கு மேல அவர் பாடு.

விழா நடந்த ஹால் பழைய காலத்துது, மின்விசிறி சத்தத்துக்கு மேல கத்தினாத்தான் பேச்சு கேட்கும். முன்வரிசையில எம்.டி., நம்ம ஆளுங்க. பின்னாடி பழைய நகரத்துலேருந்து வந்த பெரியவங்க, ஷேர்வானியும் தொப்பியுமா. சரித்திரம்னு எங்க கூட்டம் போட்டாலும் வருவாங்க. அவங்க டீக்கும் பிஸ்கட்டுக்கும் வர்றவங்கன்னு மார்க்கெட்டிங்ல எப்பவும் நக்கல். டீக்கு வர்றவங்களாவது வர்றாங்களேன்னு நான் சொல்லுவேன்.

பேராசிரியர் எழுந்தார். ஆசிரியையோட உழைப்பைப் பாராட்டினார். தலையைத் தடவிக் கொடுத்துட்டுக் குட்டற பாராட்டு அது. அப்புறம் ஸ்லைடைப் போட்டார். பழைய படம். என் பக்கத்துல இருந்த நவீன் நாற்காலியில சரிஞ்சு உட்கார்ந்தான். "பாருங்கள், இந்தப் படத்தில் கோடு இப்படிச் சாய்கிறது. இதில் அப்படிச் சாய்கிறது. ஆசிரியை அச்சிட்ட படங்களே அவருக்கு எதிராகச் சாட்சி சொல்கின்றன. ஒரு கையா, இரண்டு கைகளா? கைரேகை ஜோசியம் பொய்க்கலாம், ஓவியம் பொய் சொல்லாது"ன்னு அடிச்சார். கைதட்டல். எம்.டி.யும் பலமா தட்டினார் பாருங்க, விழா நல்லா போகுதுன்னு அவர் நினைப்பு. மேடையில ஷாகிரா மடியில கையைக் கோத்து வச்சுக்கிட்டுத் தரையைப் பார்த்துக்கிட்டிருந்தா. எனக்கு எழுந்து போய்க் கத்தணும் போல இருந்தது.

ஏற்புரைக்கு அவளைக் கூப்பிட்டாங்க. மைக்கை வாங்கிக்கிட்டு நேரா பேராசிரியர் பக்கம் திரும்பினா.

"சார், அந்தக் குதிரைப் படத்தை மட்டும் மறுபடி போடுங்க. மரத்தடியில ஒரு வரி இருக்கு. நான் சின்னவ, சரியா படிச்சேனான்னு தெரியல. நீங்க ஒரு தடவை சபைக்குப் படிச்சுக் காட்டுங்க."

அவர் கண்ணாடியை ஏத்தி விட்டுக்கிட்டார். திரையை ஒரு பார்வை பார்த்தார். ஒரு நொடி தயங்கினார், நான் கவனிச்சேன். அந்த நொடியில 'எனக்குப் புரியலையே'ன்னு சொல்லியிருந்தா தப்பிச்சிருப்பார். பெரிய மனுஷங்களால அந்த ஒரு வாக்கியத்தை மட்டும் சொல்ல முடியாது.

"வழக்கமான வரிதான். சுல்தானின் ஆட்சி நீடூழி வாழ்க என்று வாழ்த்து."

பின்வரிசையில ஒரு பெரியவர் எழுந்தார். "ஸாப், உல்டா ஹை! ஆயினா மங்காவ்!" இடம் வலமா திரும்பியிருக்கு, கண்ணாடி கொண்டு வரச் சொல்லுங்கன்னு. பக்கத்துல இருந்தவர் இன்னும் சத்தமா, "ஹவ், பூரா உல்டா!"ன்னார். அப்புறம் பின்வரிசை முழுக்கச் சிரிப்பு. அது முன்னாடி பரவி வந்து, கடைசியில எம்.டி. மட்டும் சிரிக்கலாமா கூடாதான்னு ரெண்டு பக்கமும் திரும்பிப் பார்த்துக்கிட்டிருந்தார்.

ஷாகிரா சிரிக்கல. மேஜை மேல இருந்த புதுப் புத்தகத்தைப் பிரிச்சு, அந்தப் பக்கத்தை உயர்த்திக் காட்டினா. அச்சுல நடந்த தப்பையும், நேத்தே அவருக்குச் சொல்லி அனுப்பினதையும் ரெண்டே வாக்கியத்துல சொன்னா. எங்க கம்பெனியையும் விடல, பேர் சொல்லியே சொன்னா. அப்புறம் அந்த வரியை நிதானமா படிச்சா. சுல்தான் பேச்சே அதுல கிடையாது. அந்தக் குதிரையோட பேரும், அது எந்த ஊர்லேருந்து வந்ததுங்கறதும்தான். பேராசிரியர் நீடூழி வாழ்கன்னு வாழ்த்தினது ஒரு குதிரையை.

அதுக்கப்புறம் அவ ஒவ்வொரு படமா பிரிச்சுக் கோட்டைக் காட்டினா. பின்வரிசைப் பெரியவங்க எழுந்து வந்து மேடையைச் சுத்தி நின்னு, ஒருத்தர் மூக்குக் கண்ணாடியை இன்னொருத்தர் வாங்கிப் பார்த்தாங்க. அன்னிக்கு டீ ஆறிப் போச்சு. எனக்குக் கண்ணுல தண்ணி வந்துடுச்சு, துடைச்சுக்கிட்டேன்.

இத்தோட சுபம்னு நினைக்காதீங்க. மறுநாள் ஆபீஸ்ல ஒரு சுற்றறிக்கை வந்தது. இனிமே படத்தைத் திருப்பறதுக்கு மூணு மேலதிகாரிங்க ஒப்புதல் வேணுமாம். புத்தகத்தைப் படிக்கணும்னு அதுல ஒரு வரி கிடையாது.

இன்னும் கேளுங்க. கொஞ்ச நாள் கழிச்சு அதே பேராசிரியர் புதுப் புத்தகத்தோட நம்மகிட்டயே வந்தார். லைப்ரரி கமிட்டி இருக்கே, எம்.டி. வாயெல்லாம் பல்லா வாங்கிக்கிட்டார். கடைசிப் பார்வைக்கு என்கிட்ட வந்தது. மூணாவது அத்தியாயத்துல ஒரு வரி: 'இந்த ஓவியர் இடது கைக்காரர் என்பது அனைவரும் அறிந்ததே.'

அடேங்கப்பா! ஆராய்ச்சிப் புத்தகத்துல 'அனைவரும் அறிந்ததே'ன்னு எங்க பார்த்தாலும் நில்லுங்க. பக்கத்துல யாரோ பேரைப் பறிகொடுத்துட்டு நிப்பாங்க. ஓரத்துல எழுதினேன்: 'அனைவரும் யார்? முதலில் அறிந்தவர் யார்?' பொது அறிவுன்னு பதில் வந்தது. கையெழுத்துப் போட மாட்டேன்னு திரும்ப உட்கார்ந்தேன். "ஒரு பேருக்காக ஒரு புத்தகத்தை நிறுத்தறதுங்களா?"ன்னார் எம்.டி. ஆமாம் சார், ஒரு பேருக்காகத்தான்னேன். ரிட்டயர்மெண்ட் விருந்துக்குப் பிரியாணி சொல்லிட்டாங்க, நான் அசையல. கடைசியில பேராசிரியர் இறங்கி வந்தார். அடிக்குறிப்புல போட்டுக்கறேன்னார். அதெல்லாம் நக்கோ, வேண்டாம், பக்கத்துக்கு நடுவுல, அதே வரியில, முழுப் பேரோடன்னேன். அப்படியே அச்சாச்சு.

அந்தப் புத்தகம் ஒண்ணை ஷாகிராவுக்கு அனுப்பி வச்சேன். போன் பண்ணினா. ஸ்டாஃப் ரூம்ல இப்ப யாரும் கையை நீட்டறதில்லையாம், ஒருத்தர் ரெண்டு பேர் அந்தப் பக்கத்தைப் போட்டோ எடுத்துக்கிட்டாங்களாம். சந்தோஷமா இருந்தா. அடுத்த புத்தகம் எழுதி முடிச்சுட்டேன்னும் சொன்னா. பழைய சுவடிகளோட ஓரத்துல வரைஞ்சிருக்கற செடி கொடிகளைப் பத்தி. எனக்கு ஆசை தாங்கல, நம்ம கம்பெனிக்கே கொடுன்னு கேட்டேன்.

"கொடுக்கறேன் அக்கா. நீங்க போயிட்டீங்கன்னா அங்க அதை யார் படிப்பாங்க?"

யோசிச்சு யோசிச்சுப் பார்த்தேன், ஒரு பேர் கூட வாயில வரல. அவளும் புரிஞ்சுக்கிட்டு வேற பேச்சுக்குப் போயிட்டா. ஹெச்.ஆர். பொண்ணு கூப்பிட்டப்போ முடியாதுன்னு சொல்ல வாயைத் திறந்தவ, இந்த ஒரு காரணத்துக்காகத்தான் சரின்னேன். ஷாகிராவோட கையெழுத்துப் பிரதி இன்னும் யாருக்கும் போகல, அவ மேஜை மேலயே இருக்கு. வேணுங்கறவங்க வெளியே போறப்போ என்கிட்ட அவ நம்பரை வாங்கிக்கோங்க. முதல் அத்தியாயத்தைக் கேட்டு வாங்கிப் படிங்க. படிச்சுட்டு அவளுக்குப் போன் பண்ணுங்க. படிக்காம பண்ணாதீங்க, நீங்க பேசற ரெண்டாவது வாக்கியத்துலயே கண்டுபிடிச்சுடுவா.